மனு நோட்டு: ஒரே தொகுதியில் நீண்ட நாள் நிற்கும் எம்.எல்.ஏ.வின் வேலைமுறை

காலை ஆறரை மணி. எம்.எல்.ஏ. வீட்டு வாசலில் முப்பது பேர். கையில் மனு உள்ளவர்கள் இருபது, வெறுங்கையோடு வந்தவர்கள் பத்து. ஒன்பது மணிக்குள் இவர்களை அனுப்பிவிட்டு இரண்டு துக்க வீடு, ஒரு காதுகுத்து, ஒரு பூமி பூஜை பார்த்து, மதியம் கலெக்டர் ஆபீஸ் கூட்டத்துக்குப் போய்ச் சேர வேண்டும். முதல் முறை ஜெயித்தவர் மனுவை வாங்கிக் கண்ணை ஓட்டிவிட்டு, "பார்க்கலாம்" என்று உதவியாளரிடம் நீட்டுவார். சாயங்காலம் அது காரின் பின்சீட்டில் பொன்னாடைகளுக்கு அடியில் கிடக்கும். நாலைந்து முறை ஜெயித்தவர் வீட்டில் ஒரு நீள நோட்டு இருக்கும். மனு முதலில் அதில் ஏறும், பிறகுதான் பேச்சு.

அந்த நோட்டில் என்னென்ன கட்டங்கள் இருக்க வேண்டும் என்பதில்தான் அனுபவம் தெரியும். தேதி, பெயர், ஊர், போன் நம்பர் எல்லாரும் எழுதுவது. பூத் எண், எந்தத் துறை, எந்த அதிகாரிக்கு எந்தத் தேதியில் கடிதம் போனது, கடித வரிசை எண், என்ன பதில் வந்தது, பதிலை மனுதாரருக்குச் சொன்ன தேதி ஆகியவைதான் வேலை செய்யும் கட்டங்கள். கடைசிக் கட்டம்தான் பெரும்பாலும் காலியாகக் கிடக்கும். வேலை முடியாமல் போனதற்காக ஓட்டு மாறுவதைவிட, என்ன ஆயிற்று என்று யாரும் சொல்லாததற்காக மாறுவது அதிகம். மாதம் ஒரு நாள் ஒதுக்கி, "உங்க பேர் லிஸ்ட்ல இல்லைங்க, இந்தக் காரணத்தால் தள்ளிவிட்டார்கள்" என்று போன் போடும் அலுவலகத்தின் மேல் வருத்தம் இருக்கும், வன்மம் இருக்காது.

மனுக்களில் பாதிக்கு எம்.எல்.ஏ. கடிதமே தேவையில்லை. பட்டா மாறுதலை எடுத்துக்கொள்ளுங்கள். இ-சேவையில் பதிந்த விண்ணப்ப எண் இல்லாமல் தாசில்தாருக்குக் கடிதம் கொடுத்தால் அது பைலில் தூங்கும். எண் இருந்தால் அது யாரிடம் நிற்கிறது என்று அப்போதே பார்த்துவிடலாம். உட்பிரிவு (நிலத்தைப் பிரித்துத் தனி எண் கொடுப்பது) இல்லாத மாறுதலா, உட்பிரிவோடு கூடியதா என்பதை முதலில் கேட்க வேண்டும். உட்பிரிவு என்றால் முடிச்சு பெரும்பாலும் சர்வேயரிடம் இருக்கும். பக்கத்து நிலத்துக்காரர் அளக்க விடாமல் நிற்பார். அங்கே தேவை கடிதம் இல்லை, இரண்டு பங்காளிகளையும் உட்காரவைத்துப் பேச ஒரு கிளைச் செயலாளர். மருத்துவக் காப்பீட்டு அட்டை கேட்டு வருபவரிடம் ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் என்று வி.ஏ.ஓ. சான்று இருக்கிறதா, குடும்ப அட்டையில் நோயாளியின் பெயர் இருக்கிறதா என்று பார்த்தால் பத்து நிமிடத்தில் வழி சொல்லிவிடலாம். ஆஸ்பத்திரிக்கு எம்.எல்.ஏ. போன் போடுவதெல்லாம் அதற்குப் பிறகு. முதியோர் உதவித்தொகைக்குப் போக வேண்டிய இடம் சமூகப் பாதுகாப்புத் திட்டத் தனி தாசில்தார். அந்தப் பெயரே தெரியாமல் பி.டி.ஓ. ஆபீஸ் வாசலில் உட்கார்ந்திருக்கும் பாட்டிகள் ஒவ்வொரு தொகுதியிலும் உண்டு. சரியான மேசையைக் காட்டிவிடும் உதவியாளர் அந்த வீட்டு ஓட்டைச் சம்பாதித்துவிடுகிறார்.

வேலைக்குச் சிபாரிசு கேட்டு வருபவரிடம் அந்த இடத்திலேயே முடியாது என்று சொல்லிவிட வேண்டும். "பார்க்கலாம்" என்றால் அது நம்பிக்கையாகும், நம்பிக்கை வதந்தியாகும், ஆறு மாதத்தில் "உதவியாளர் பணம் வாங்கிக்கொண்டார்" என்று ஊருக்குள் பேச்சு கிளம்பும். நல்ல உறுப்பினர்கள் பலரைச் சாய்த்தது எதிர்க்கட்சி இல்லை, சொந்த அலுவலகத்து ஆள்தான். லெட்டர்பேடு எத்தனை தாள் அச்சடித்தது, எத்தனை தீர்ந்தது என்று கணக்கு இருக்க வேண்டும். தாளுக்கு வரிசை எண், ஒவ்வொரு கடிதத்துக்கும் நகல், கையெழுத்துப் போட்ட வெற்றுத்தாள் ஒன்றுகூட மேசையில் இருக்கக் கூடாது. சென்னைக்குக் கிளம்பும் அவசரத்தில் "பத்து தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கண்ணே" என்பதில் ஆரம்பிக்கும் வினை, கடன் மோசடிப் புகாரில் போய் முடியும்.

துக்க வீட்டுக்குத் தனி வரிசை வைத்துக்கொள்ள வேண்டும். கல்யாணத்துக்கு வராததை ஊர் மன்னிக்கும், ஆள் அனுப்பி மொய் எழுதினாலும் போதும். சாவுக்கு வராததை மன்னிக்காது. அன்றே போக முடியாவிட்டால் பதினாறாம் நாள் காரியத்துக்குள் ஒரு தடவை போய்ப் பத்து நிமிடம் உட்கார்ந்து எழ வேண்டும். பேரவை நடக்கும் மாதங்களில் விட்டுப்போன வீடுகளின் பட்டியலைக் கிளைச் செயலாளர்களிடம் வாங்கி, ஊர் திரும்பியதும் ஞாயிற்றுக்கிழமை முழுக்க அதற்கே ஒதுக்குபவர்கள் உண்டு.

இனி பணம். சட்டமன்ற உறுப்பினர் தொகுதி மேம்பாட்டு நிதி ஆண்டுக்கு 3 கோடி ரூபாய், ஐந்து ஆண்டுக்கு 15 கோடி. சோழிங்கநல்லூர் தொகுதிக்கும் அதே 3 கோடி, சென்னைத் துறைமுகம் தொகுதிக்கும் அதே 3 கோடி. 2021 தேர்தலில் முன்னதில் வாக்காளர்கள் ஆறு லட்சத்தைத் தாண்டியிருந்தார்கள், பின்னதில் இரண்டு லட்சம்கூட இல்லை. இந்தப் பணம் எம்.எல்.ஏ. கைக்கு வராது. வேலையை அவர் பரிந்துரைப்பார், எஸ்டிமேட் போடுவது பொறியாளர், நிர்வாக அனுமதி தருவது மாவட்ட நிர்வாகம், டெண்டர் விட்டு வேலை செய்வது ஒன்றியமோ நகராட்சியோ துறையோ. ஜி.எஸ்.டி. 18 சதவீதமும் எஸ்டிமேட்டுக்குள்ளேயே வந்தால், 10 லட்சம் ஒதுக்கியதில் வேலைக்கு எட்டரை லட்சத்துக்கும் கொஞ்சம் குறைவாகத்தான் நிற்கும். மேடையில் "10 லட்சத்தில் நிழற்குடை" என்று அறிவித்துவிட்டால், கட்டி முடித்த பிறகு ஊரே அதைச் சுற்றிவந்து மீதி எங்கே என்று கேட்கும். அறிவிக்கும்போது பணத்தைச் சொல்லாமல் அளவைச் சொல்பவர்கள் விவரமானவர்கள்: இத்தனை அடி நீளம், இத்தனை பேர் உட்காரலாம்.

வேலை எங்கே சிக்கும் என்பதற்கு ஒரு சிறுபாலம் போதும். ஊருக்கும் சுடுகாட்டுக்கும் நடுவே ஒரு பாசன வாய்க்கால் ஓடுகிறது. மழைக்காலத்தில் பிணத்தை இடுப்பளவுத் தண்ணீரில் தூக்கிப் போகிறார்கள். பாலம் கேட்டு மனு. பாதை ஒன்றியத்துடையது, வாய்க்கால் நீர்வளத்துறையுடையது. ஒன்றியப் பொறியாளர் இரண்டு குழாய் வைத்து மண் மூடி மேலே கான்கிரீட் என்று மலிவாக எஸ்டிமேட் போடுவார். தடையின்மைச் சான்றுக்குப் போனதும் நீர்வளத்துறை அதைத் திருப்பி அனுப்பும். ஆகாயத்தாமரையும் வாழைத்தண்டும் வந்து குழாய் வாயை அடைக்கும், மேலே உள்ள வயல் மூழ்கும். அவர்கள் கேட்பது பெட்டி வடிவ கான்கிரீட் பாலம். நியாயம்தான், ஆனால் செலவு எகிறும். ஒதுக்கிய தொகை போதாது, திருத்திய எஸ்டிமேட், மறுபடி அனுமதி. இதில் ஒரு வருஷம் போய்விடும். பழகியவர்கள் எஸ்டிமேட் எழுதும் முன்பே இரண்டு துறைப் பொறியாளர்களையும் ஒரே நாளில் வாய்க்கால் கரைக்குக் கூட்டிப்போய் நிறுத்திவிடுவார்கள். அந்த ஒரு மணி நேரம் ஒரு வருஷத்தை மிச்சப்படுத்தும்.

காவிரிப் பாசனப் பகுதி என்றால் இன்னொரு கண்ணியும் உண்டு. மேட்டூர் அணையை வழக்கமாக ஜூன் 12-ல் திறந்து ஜனவரி 28-ல் மூடுவார்கள். வாய்க்காலுக்குள் இறங்கி வேலை செய்ய பிப்ரவரி முதல் மே வரைதான் காலம். தேர்தல் ஆண்டில் அந்த மாதங்களில்தான் நன்னடத்தை விதி வந்து உட்காரும். 2011-ல் மார்ச் 1, 2016-ல் மார்ச் 4, 2021-ல் பிப்ரவரி 26 அன்று தேர்தல் அறிவிப்பு வந்தது. வொர்க் ஆர்டர் கையில் இருந்தாலும், களத்தில் தொடங்காத வேலையை அதன்பின் தொடங்கக் கூடாது. ஆகவே வாய்க்கால் வேலை எதுவானாலும் நான்காம் ஆண்டுக் கோடையிலேயே முடித்துவிட வேண்டும். மற்ற வேலைகள் ஐந்தாம் ஆண்டு டிசம்பருக்குள் மண்ணில் இறங்கியிருக்க வேண்டும். கடைசி ஆண்டு நிதியை "தேர்தல் நேரத்துக்கு ஆகும்" என்று பத்திரப்படுத்தியவர்கள் அதை அப்படியே விட்டுவிட்டுப் போனதுதான் மிச்சம்.

பாலத்துக்கு அடுத்தபடி வேலையை நிறுத்துவது நிலம். சமுதாயக்கூடமோ அங்கன்வாடியோ ரேஷன் கடையோ, ஊர்க்காரர்கள் காட்டும் காலி இடம் பெரும்பாலும் குளத்துப் புறம்போக்காக இருக்கும், இல்லையென்றால் கோயில் நிலம். நீர்நிலைப் புறம்போக்கில் கட்டினால் கோர்ட் இடிக்கச் சொல்லும். கிராம நிலக் கணக்குகளான அடங்கலையும் 'அ' பதிவேட்டையும் பார்த்து வகைப்பாடு என்ன என்று வி.ஏ.ஓ.விடம் எழுதி வாங்கும் முன் எந்த ஊரிலும் வாக்குக் கொடுக்கக் கூடாது. சாலைக்கும் இதே கதைதான். அது நெடுஞ்சாலைத்துறையுடையதா, ஒன்றியத்துடையதா, ஊராட்சியுடையதா, வனத்துறை எல்லைக்குள் போகிறதா என்று தெரியாமல் கொடுத்த வாக்கு அடுத்த தேர்தலில் அதே குழிகளோடு எதிரே வந்து நிற்கும். தன் நிதிக்குள் அடங்காத பெரிய வேலைகளுக்கு வேறு வாசல் தேட வேண்டும். 2022-ல் 'உங்கள் தொகுதியில் முதலமைச்சர்' திட்டத்துக்காக 234 உறுப்பினர்களிடமும் முன்னுரிமையான பத்துக் கோரிக்கைகள் கேட்கப்பட்டன. நோட்டு வைத்திருந்தவருக்கு அந்தப் பத்தைப் பொறுக்க ஒரு மாலை போதும். இல்லாதவர் பட்டியலில் அந்த வாரம் வந்து பார்த்தவர்களின் கோரிக்கைதான் ஏறியிருக்கும்.

கோட்டைக்குள் நடப்பதைத் தொகுதி மக்கள் அதிகம் பார்ப்பதில்லை என்றாலும், தொகுதிக்கு வேண்டியதைப் பேரவை வழியாக வாங்க ஒரு கைவரிசை உண்டு. "எங்கள் ஊரில் துணை மின்நிலையம் அமைக்க அரசு ஆவன செய்யுமா?" என்று கேள்வி போடுவது எளிது. "தற்போது அத்தகைய கருத்துரு (துறை எழுதி அனுப்பும் முன்மொழிவு) ஏதும் அரசின் பரிசீலனையில் இல்லை" என்று ஒரே வரியில் பதில் வந்து கதவு சாத்திக்கொள்ளும். அச்சான அந்தப் பதிலை எதிர்க்கட்சி ஊருக்குள் நோட்டீஸ் அடித்துக் கொடுக்கும். அதனால் கேள்விக்கு முன்பே கீழிருந்து கருத்துரு மேலே போயிருக்க வேண்டும். செயற்பொறியாளரிடம் இடத்தையும் மின்சுமைக் கணக்கையும் வைத்து ஒரு கருத்துரு எழுதி அனுப்பச் சொல்லி, அதன் கடித எண்ணை வாங்கி வைத்துக்கொண்டு, அது தலைமையகம் போய்ச் சேர்ந்த பிறகு உடுக்குறியிட்ட வினாவாக, அதாவது அமைச்சர் அவையில் எழுந்து பதில் சொல்ல வேண்டிய கேள்வியாகக் கொடுக்க வேண்டும். "பரிசீலனையில் உள்ளது" என்று அமைச்சர் சொன்னதும் துணைக் கேள்வியில் அந்த எண்ணையும் தேதியையும் சொன்னால் பைல் அசையும். "ஆவன செய்யப்படும்", "விரைவில் முடிக்கப்படும்" என்று அமைச்சர் அவையில் சொன்னால் அது உறுதிமொழி. அரசு உறுதிமொழிக் குழு அதைத் துறையிடம் துரத்தும். புதியவர்கள் அந்தச் சொல்லைக் கேட்டுக் கைதட்டிவிட்டு மறந்துவிடுகிறார்கள். பழையவர்கள் அன்றைய நடவடிக்கைக் குறிப்பில் அந்த வரி எந்தப் பக்கம் என்று குறித்துவைப்பார்கள்.

பேரவையின் மனுக்கள் குழு மாவட்டத்துக்கு வரும்போது பொதுப் பிரச்சினைகளைக் கொண்டுபோகலாம். பட்டா, முதியோர் உதவித்தொகை, வேலைவாய்ப்பு போன்ற தனிநபர் மனுக்களை அங்கே எடுத்துக்கொள்ள மாட்டார்கள். ஐம்பது பேரைக் கூட்டிப்போய் ஐம்பது பட்டா மனு கொடுக்கவைத்து அத்தனையும் திரும்பி வந்த சங்கதி பல மாவட்டத்தில் நடக்கிறது.

ஒவ்வொரு துறைக்கும் பணம் ஒதுக்கும் மானியக் கோரிக்கை விவாதத்தில் பேசக் கிடைப்பது சில நிமிடங்கள்தான். அதில் பாதியைத் தலைவர் புகழுக்கும் மீதியில் பாதியைக் கவிதைக்கும் கொடுத்தால் தொகுதிக்கு மிஞ்சுவது மணி அடிக்கும் சத்தம். 2021 ஆகஸ்டில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலினே பேரவையில் எழுந்து, தன்னைப் புகழ்ந்து நேரத்தை வீணாக்க வேண்டாம் என்று தன் கட்சியினரை எச்சரிக்க வேண்டிவந்தது. அந்தத் துறை வெளியிட்ட போன வருஷத்துக் கொள்கை விளக்கக் குறிப்பைக் கையில் வைத்துக்கொண்டு, அப்போது அறிவித்ததில் எது நடந்தது, எது இந்த ஆண்டுக் குறிப்பில் சத்தமில்லாமல் காணாமல் போயிற்று என்று ஒப்பிட்டால் எழுந்து பேச மூன்று விஷயம் நிச்சயம் கிடைக்கும். கருணாநிதி 1957-ல் பேரவைக்குள் நுழைந்ததும் எடுத்தது நங்கவரம் விவசாயிகள் பிரச்சினை. குளித்தலைத் தொகுதியின் சொந்தச் சங்கதி அது. பேரவையின் 110-வது விதியில் முதலமைச்சரின் அறிவிப்பு வந்தால் அதன்மேல் விவாதம் கிடையாது. ஆகவே தன் தொகுதிக்கு ஏதாவது அதில் வர வேண்டுமென்றால் அறிக்கை அச்சாகும் முன்பே துறைச் செயலாளர் அலுவலகத்தில் வேலையை முடித்திருக்க வேண்டும்.

நீண்ட நாள் இருப்பவரை வழியில் தடுக்கி விழவைப்பவை பெரும்பாலும் தாள்கள்தான். அரசோடு பொருள் வழங்கவோ வேலை செய்யவோ சொந்தப் பெயரில் ஒப்பந்தம் நடப்பில் இருந்தால் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 9-ஏ பிரிவு தகுதியைப் பறிக்கும். கான்ட்ராக்டராக இருந்து அரசியலுக்கு வந்தவர்கள் பழைய பதிவைச் சும்மா விட்டுவைப்பது ஆபத்து. வேட்புமனுவோடு வரும் பிரமாணப் பத்திரமான படிவம் 26-ல் ஒரு கட்டமும் காலியாக இருக்கக் கூடாது. பொருந்தாத இடத்தில் 'இல்லை' என்றாவது எழுத வேண்டும். அரசுக் குடியிருப்பில் இருந்தவர் என்றால் வாடகை, மின்சாரம், தண்ணீர், தொலைபேசி பாக்கி இல்லை என்ற சான்று வேண்டும். எம்.எல்.ஏ. விடுதி அறையும் இதில் வரும், கடைசி நாளில் சென்னைக்கு ஆள் ஓடுவதெல்லாம் இதற்குத்தான். மறியல், ஆர்ப்பாட்ட வழக்குகள் இன்னொரு தொல்லை. முப்பது வருஷ அரசியலில் எந்த ஸ்டேஷனில் எந்த வழக்கில் பெயர் சேர்ந்தது என்று அவருக்கே தெரியாது. தேர்தலுக்கு ஆறு மாதம் முன்பே ஒரு வக்கீலை விட்டு எல்லா ஸ்டேஷனிலும் கோர்ட்டிலும் பட்டியல் எடுத்துவிட வேண்டும். நிலுவை வழக்கு உள்ளவர் அதைப் பத்திரிகையிலும் டி.வி.யிலும் மூன்று முறை விளம்பரப்படுத்தவும் வேண்டும்.

செலவு உச்சவரம்பு 2022-லிருந்து 40 லட்சம். மனுத் தாக்கலுக்கு முன்பே தேர்தல் செலவுக்கென்று தனி வங்கிக் கணக்கு திறந்து, செலவெல்லாம் அதன் வழியாகவே போக வேண்டும். முடிவு வந்த 30 நாளுக்குள் கணக்கு ஒப்படைக்கத் தவறினால் மூன்று ஆண்டுத் தகுதியிழப்பு வரலாம். தோற்றவர்கள்தான் இதில் மாட்டுகிறார்கள். தோற்ற வீட்டில் பில்லைத் தேட யாருக்கு மனசு வரும்? அடுத்த தேர்தலில் நிற்க நினைக்கும்போதுதான் அது தெரியவரும்.

கட்சித் தாவல் தடைச் சட்டத்தைப் பற்றிப் பலருக்கு உள்ள எண்ணம், கட்சிக் கொறடாவின் உத்தரவை மீறி ஓட்டுப் போட்டால்தான் பதவி போகும் என்பது. 2017 செப்டம்பரில் அ.தி.மு.க. எம்.எல்.ஏ.க்கள் 18 பேர் தகுதி நீக்கப்பட்டது அவையில் ஓட்டுப் போட்டதற்காக அல்ல. முதலமைச்சர் மேல் நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் கொடுத்த கடிதத்துக்காக. "தானாகவே கட்சி உறுப்பினர் பதவியைக் கைவிடுவது" என்ற சொற்களுக்குள் ராஜினாமாவைத் தவிர நடத்தையும் அடங்கும். 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றம் நீக்கத்தை உறுதி செய்தது. கையெழுத்துக் கேட்டு ஒரு தாள் வந்தால், வக்கீல் படித்த பிறகுதான் பேனாவைத் திறக்க வேண்டும்.

இத்தனையும் சரியாகச் செய்தவரும் தோற்பார். 1991 அலையில் தி.மு.க.வுக்குக் கிடைத்தது இரண்டே இடம். 1996-ல் அ.தி.மு.க.வுக்கு நான்கு, ஜெயலலிதாவே பர்கூரில் தோற்றார். 1971-ல் முதல்முறை பேரவைக்கு வந்த துரைமுருகன் 1984-லும் 1991-லும் வெளியே இருந்தார். 1980-லிருந்து கோபிச்செட்டிபாளையத்தைக் கையில் வைத்திருந்த செங்கோட்டையன் 1996-ல் விழுந்து, பத்து வருஷம் கழித்து 2006-ல்தான் திரும்பினார். அலையை நோட்டுப் போட்டு நிறுத்த முடியாது. அலை இல்லாத தேர்தலில் ஒவ்வொரு ஓட்டும் நோட்டுக் கணக்கில் வரும். 2021-ல் காட்பாடியில் துரைமுருகன் ஜெயித்தது 746 ஓட்டில், தியாகராய நகர் முடிவு 137 ஓட்டில். 2016 ராதாபுரத்தில் வித்தியாசம் 49, தபால் ஓட்டுகளில் யார் சான்றொப்பம் போட்டார் என்பது வரை கோர்ட்டில் அலசப்பட்டது. 137 என்பது இரண்டு தெருக்கள். படிவம் 6-ஐ நிரப்பிக் கொடுத்துப் புது வாக்காளர்களைப் பட்டியலில் சேர்க்கவும், கல்யாணமாகி வந்த மருமகள்களுக்கும் குடிமாறியவர்களுக்கும் படிவம் 8 போடவும் வருஷா வருஷம் பூத்துக்கு ஒரு ஆளை அலையவிட்ட கட்சிக்கு அந்த இரண்டு தெரு கிடைக்கும்.

தொகுதியே காணாமல் போவதும் உண்டு. 2008 மறுவரையறையில் சத்தியமங்கலம், புரசைவாக்கம், பூங்கா நகர் போன்ற பெயர்கள் பட்டியலிலிருந்து போயின. சில தொகுதிகள் தனித்தொகுதியாயின. இருபது வருஷம் உழுத ஊர்கள் பக்கத்துத் தொகுதிக்குப் போக, அறிமுகமில்லாத ஒன்றியம் வந்து ஒட்டிக்கொள்ளும். அப்போது நோட்டை ஊர்வாரியாகவும் பூத்வாரியாகவும் எழுதிவைத்தவருக்கு எந்த ஊர் போயிற்று, எந்த ஊரில் தனக்கு ஆளே இல்லை என்று ஒரே நாளில் தெரிந்துவிடும். தேதிவாரியாக மட்டும் எழுதியவர் முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

தோற்ற மறுவாரம் செய்ய வேண்டிய வேலை ஒன்று உண்டு. தொகுதியில் உள்ள சட்டமன்ற உறுப்பினர் அலுவலகம் அரசுக் கட்டடம். சாவியையும் அரசு கொடுத்த சாமான்களையும் பட்டியல் போட்டு ஒப்படைத்துக் கையெழுத்து வாங்க வேண்டும். மீதமுள்ள லெட்டர்பேடைக் கிழித்துப்போட்டு, 'முன்னாள் சட்டமன்ற உறுப்பினர்' என்று புதிதாக ஐந்நூறு தாள் அடித்துக்கொள்ள வேண்டும், அரசு முத்திரை இல்லாமல். மனு நோட்டு அரசு சொத்து இல்லை, அது வீட்டுக்கு வந்துவிடும். அதில் பதில் வராமல் நிற்கும் வரிகளை வேறு தாளில் எழுதி, ஒவ்வொன்றுக்கும் பழைய கடித எண்ணைக் குறிப்பிட்டு, அந்தந்தத் துறைக்குப் புதுத் தாளில் நினைவூட்டல் அனுப்ப வேண்டும்.